மண்டிப் பட்டியலும் கிரயப் பண வசூலும்

திண்டுக்கல் நகரைச் சுற்றியுள்ள சமவெளிக் கிராமங்களில் விளையும் சரக்குகளிற் பெரும்பகுதி விற்பனைக்கென்றே பயிராக்கப்படுகின்றது. சின்ன வெங்காயம், தக்காளி, முருங்கை, பூ வகைகள், புகையிலை ஆகிய இவை குடியானவருடைய குதிருக்குப் போவதில்லை. களத்திலிருந்து நேரே மண்டிக்கே போகின்றன. திண்டுக்கல் வெங்காய மண்டிகளும், கேரளத்துக்குக் காய்கறி அனுப்புகின்ற ஒட்டன்சத்திரம் சந்தையும், அய்யலூர்த் தக்காளிச் சந்தையும், நிலக்கோட்டைப் பூச்சந்தையும் இந்த ஜில்லாக் குடியானவர்களுடைய வரும்படிக்கு வாசல்களாக இருக்கின்றன.

விதை, எரு, பூச்சி மருந்து, நீர்ப்பாய்ச்சல் ஆகியவற்றில் மிகுந்த கவனம் செலுத்துகிற குடியானவர்களும், விளைந்த சரக்கு மண்டிக்குப் போனபிறகு அதன் கணக்கைக் கவனிப்பதில்லை. சரக்கு என்ன எடை நின்றது, என்ன விலைக்குப் போயிற்று, என்னென்ன பிடித்தம் செய்யப்பட்டது, பாக்கி எந்தத் தேதியில் கிடைக்கும் என்ற நான்கு விஷயங்களும் எழுத்தில் இல்லாமற்போனால், பயிரில் கிடைத்த லாபம் பணம் கைக்கு வருவதற்குள் கரைந்துவிடுகிறது. ஆகையால் பட்டியல் வாங்கும் முறையும், பணத்தைத் தவணை தவறாமற் பெறும் முறையும் இங்கே விவரிக்கப்படுகின்றன.

1. தாமதத்தால் விளையும் நஷ்டம்

ஒரு குடியானவர் 50 கிலோ கொண்ட 20 மூட்டை, அதாவது 1,000 கிலோ சின்ன வெங்காயத்தை மண்டிக்கு அனுப்புவதாக வைத்துக்கொள்வோம். விலை கிலோவுக்கு ரூ. 40. கமிஷன் நூற்றுக்குப் பத்து. ஏற்றிறக்குக் கூலி மூட்டைக்கு ரூ. 10. வண்டி வாடகை மூட்டைக்கு ரூ. 30. முன்பணமாக அவர் ஏற்கனவே வாங்கியிருப்பது ரூ. 5,000. இவையாவும் உதாரணத்திற்காகக் கொண்ட தொகைகளே. கணக்கு வருமாறு:

மொத்தக் கிரயம் ரூ. 40,000
கழிக்க: கமிஷன் ரூ. 4,000
கழிக்க: ஏற்றிறக்குக் கூலி ரூ. 200
கழிக்க: வண்டி வாடகை ரூ. 600
நிகரக் கிரயம் ரூ. 35,200
கழிக்க: முன்பணம் ரூ. 5,000
குடியானவருக்குச் சேரவேண்டிய பாக்கி ரூ. 30,200

இந்தப் பாக்கி இரண்டு மாதம் கழித்துக் கிடைப்பதாகவும், அதுவரையில் குடியானவர் தம் செலவுக்கு நூற்றுக்கு மாதம் இரண்டு ரூபாய் வட்டியில் அதே தொகையைக் கடன் வாங்குவதாகவும் கொண்டால், வட்டி மட்டும் ரூ. 1,208 ஆகிறது. எனவே அவருக்கு உண்மையில் நிற்பது ரூ. 28,992. அதே நாளில் வேறொரு மண்டிக்காரர் கிலோவுக்கு ரூ. 39 தான் தருவேன், ஆனால் ரொக்கமாகத் தருவேன் என்று சொல்லியிருந்தால், அதே பிடித்தங்களைக் கழித்து ரூ. 29,300 கையில் கிடைத்திருக்கும். ஒரு ரூபாய் குறைந்த விலைக்கு ரொக்கமாக விற்றிருந்தால் ரூ. 308 மிச்சப்பட்டிருக்கும் என்பதைக் கவனிக்க வேண்டும். விலையைக் கேட்கும்போது பணம் வரும் நாளையும் சேர்த்துக் கேட்காதவர் விலையில் பாதியைத்தான் கேட்டவராவார்.

நஷ்டம் வட்டியோடு நிற்பதில்லை. சின்ன வெங்காயம் நடுவதற்கு ஹெக்டேருக்கு 1,500 கிலோ, அதாவது ஏக்கருக்குச் சுமார் 600 கிலோ விதை வெங்காயம் வேண்டியிருக்கிறது. விதை கிலோ ரூ. 50 என்று வைத்தாலும் ஏக்கருக்கு ரூ. 30,000 ஆகும். மேலே கண்ட பாக்கியும் ஏறக்குறைய இதே தொகைதான். பாக்கி வராமல் நடவுப் பட்டம் வந்துவிட்டால், குடியானவர் தமக்குப் பணம் தரவேண்டிய அதே மண்டியிற்சென்று முன்பணம் கேட்க நேரிடுகிறது. முன்பணம் வாங்கியவர் அடுத்த விளைவையும் அங்கேயே கொண்டுபோட வேண்டியவராகிறார். விலை பேசும் சுதந்தரத்தை இழக்கிறார். மேலும், கூட்டுறவுச் சங்கத்தில் வாங்கிய பயிர்க் கடனைத் தவணையிற் செலுத்துவோருக்கு உள்ள வட்டிச் சலுகையும் மண்டிப் பணம் தாமதமாவதால் கைநழுவிப் போகிறது.

2. மண்டிக்காரர் ஏஜெண்டா, வாங்குபவரா?

இந்தக் கேள்விக்கு விடை தெரியாமல் சரக்கு அனுப்பலாகாது. மண்டிக்காரர் சரக்கைத் தாமே விலைக்கு வாங்கிக்கொண்டால் அது விற்பனை. 1930-ம் வருஷத்துச் சரக்கு விற்பனைச் சட்டப்படி, வேறு பேச்சு இல்லாதபோது, சரக்கைக் கொடுப்பதும் பணத்தைக் கொடுப்பதும் ஒரே சமயத்தில் நடக்கவேண்டியவை. பணத்துக்கு வாயிதா கொடுப்பது விற்பவருடைய சம்மதத்தினால் மட்டுமே ஏற்படுகிறது.

மண்டிக்காரர் கமிஷன் எடுத்துக்கொண்டு குடியானவருக்காக வெளி வியாபாரிகளுக்கு விற்றுக்கொடுத்தால், அவர் குடியானவருடைய ஏஜெண்டு ஆவார். 1872-ம் வருஷத்து இந்தியக் காண்ட்ராக்டு சட்டம் இப்படிப்பட்டவருக்குச் சில கடமைகளை விதித்திருக்கிறது. 213-வது பிரிவின்படி, கேட்டபோது அவர் சரியான கணக்குக் காட்ட வேண்டும். 218-வது பிரிவின்படி, குடியானவருக்காக வசூலித்த பணத்தை, தமக்கு நியாயமாகச் சேரவேண்டிய முன்பணம், செலவு, கமிஷன் ஆகியவற்றைக் கழித்துக்கொண்டு, பாக்கியைக் கொடுத்துவிட வேண்டும். ஆகவே பட்டியல் கேட்பது மண்டிக்காரரைச் சந்தேகிப்பதாகாது. சட்டம் கொடுத்த உரிமையைக் கேட்பதேயாகும்.

ஆனால் இதில் ஓர் அபாயமும் உண்டு. “வெளியூர் வியாபாரி இன்னும் பணம் அனுப்பவில்லை” என்று ஏஜெண்டு சொல்லும்போது, அந்தப் பணத்திற்குத் தாமே பொறுப்பு என்று அவர் முன்னரே ஒப்புக்கொண்டிராவிட்டால், குடியானவருடைய நிலை பலவீனமாகும். விசாரியாமல் நொடித்த வியாபாரிக்குக் கடனுக்கு விற்ற ஏஜெண்டு நஷ்டஈடு கொடுக்கக் கடமைப்பட்டவரென்று அதே சட்டத்தின் 212-வது பிரிவில் உதாரணமே காட்டப்பட்டிருக்கிறது. எனினும் அதை ருஜுப்படுத்தும் பாரம் குடியானவர் தலையில் விழும். எனவே, “வாங்கியவர் கொடுத்தாலும் கொடுக்காவிட்டாலும் இத்தனையாவது நாளில் மண்டி பணம் கொடுக்கும்” என்ற வார்த்தையை முதற்சரக்கு அனுப்புவதற்கு முன்பே எழுத்தில் வாங்கிக்கொள்வது புத்திசாலித்தனம்.

3. சரக்கு அனுப்பும்போது செய்யவேண்டியவை

(அ) வீட்டில் அல்லது களத்தில் மூட்டைகளை எடைபோட்டு, மூட்டை எண்ணிக்கையையும் எடையையும் ஒரு நோட்டுப் புத்தகத்தில் தேதியுடன் குறிக்க வேண்டும். வெங்காயம் முதலிய சரக்குகள் வழியிற் கொஞ்சம் எடை குறைவது இயற்கை. ஆனால் எவ்வளவு குறைகிறதென்று தெரிந்துகொள்ள வீட்டு எடை அவசியம்.

(ஆ) அனுப்பீட்டுச் சீட்டு இரண்டு பிரதி எழுத வேண்டும். குடியானவர் பெயர், ஊர், சரக்கு, தரம், மூட்டை எண்ணிக்கை, எடை, வண்டி எண், தேதி ஆகியவை அதில் இருக்க வேண்டும். ஒரு பிரதியை வண்டிக்காரர் மூலம் மண்டிக்குக் கொடுத்து, மற்றதில் சரக்கு வந்து சேர்ந்ததாக மண்டியின் கையொப்பம் வாங்கி வைத்துக்கொள்ள வேண்டும். ஒரே வண்டியில் பல குடியானவர்களுடைய சரக்கு போகும்போது இது இன்னும் முக்கியம்.

(இ) மூட்டைகளின்மேல் அடையாள எழுத்து இடவேண்டும்.

(ஈ) மண்டித் தராசில் சட்டமுறை எடையளவு முத்திரை நடப்புக் காலத்துக்குப் போடப்பட்டிருக்கிறதா என்று பார்க்க வேண்டும். மின்னணுத் தராசுகள் வருஷந்தோறும் சோதித்து முத்திரையிடப்படவேண்டியவை. முத்திரையில்லாத தராசைப்பற்றித் தொழிலாளர் துறையின் முத்திரை ஆய்வாளரிடம் தெரிவிக்கலாம்.

4. பட்டியலில் இருக்கவேண்டிய விவரங்கள்

துண்டுக் காகிதத்தில் தொகையை மட்டும் எழுதிக் கொடுக்கும் சிட்டை, பட்டியலாகாது. நல்ல பட்டியலில் பின்வருவன இருக்கும்:

1. மண்டியின் பெயர், விலாசம், பட்டியலின் வரிசை எண், தேதி.
2. குடியானவருடைய பெயரும் ஊரும்.
3. சரக்கு, தரம், மூட்டை எண்ணிக்கை, மொத்த எடை, சாக்கு எடை கழித்த நிகர எடை.
4. கிலோவுக்கு விலை. தரம் பிரித்து விற்றிருந்தால் ஒவ்வொரு தரத்துக்கும் தனித்தனி விலை.
5. பிடித்தங்கள்: கமிஷன், கூலி, வாடகை, மகமை, கழிவு முதலியவை தனித்தனியாக. “செலவு” என்று ஒரே வரியில் மொத்தமாகப் போடுவதை ஒப்புக்கொள்ளலாகாது.
6. முன்பணக் கணக்கு: முன் நின்றது, இப்போது கழித்தது, இனி நிற்பது.
7. சேரவேண்டிய பாக்கி, எண்ணாலும் எழுத்தாலும்.
8. பணம் கொடுக்கப்படும் தேதி.
9. மண்டிக்காரர் அல்லது அவர் குமாஸ்தாவின் கையொப்பம்.

இவற்றுள் எட்டாவது அம்சமே அநேகமாக விடுபட்டுப்போவது. “பிறகு பார்க்கலாம்”, “அடுத்த சந்தைக்கு வாருங்கள்” என்பவை தேதிகளல்ல. காலண்டர்த் தேதி எழுதப்பட்டிருந்தால்தான் தவணை தவறியதா இல்லையா என்று சொல்ல முடியும்.

குடியானவருக்குச் சரக்கு சேவை வரிப் பதிவு எண் இல்லாததால் பட்டியல் போட முடியாதென்று சில இடங்களிற் சொல்லப்படுவதுண்டு. இது சரியன்று. தம் நிலத்தில் விளைந்ததை விற்கும் குடியானவர் 2017-ம் வருஷத்து மத்திய சரக்கு சேவை வரிச் சட்டத்தின் 23-வது பிரிவின்படி பதிவு செய்துகொள்ள வேண்டியதில்லை. பதிவு இல்லாமையைக் காரணமாகக் காட்டிக் கணக்குச் சீட்டை மறுப்பதற்கு இடமில்லை.

பணம் பெறும்போது ரூ. 5,000-க்கு மேற்பட்ட தொகைக்கு ஒரு ரூபாய் ரெவினியூ ஸ்டாம்பு ஒட்டி ரசீது கொடுக்க வேண்டும். பகுதித் தொகை வாங்கும்போது, “முழுத்தொகையும் பெற்றேன்” என்று அச்சடித்த இடத்தில் கையொப்பம் போடாமல், “இன்ன பட்டியல் வகையில் இவ்வளவு மட்டும் வரவு, பாக்கி இவ்வளவு” என்று எழுதியே கையொப்பமிட வேண்டும். கூடியவரையில் பாங்குக் கணக்கு மூலம் பெறுவது நல்லது. தேதியும் தொகையும் தாமே பதிவாகிவிடுகின்றன.

5. வாயிதா தவறினால்

பணம் வராவிட்டாற் சண்டையிடுவதும் சும்மா இருந்துவிடுவதும் ஆகிய இரண்டுமே பிரயோஜனமற்றவை. படிப்படியாகச் செய்யவேண்டியவை வருமாறு.

முதற்படி: தவணைக்கு இரண்டு மூன்று நாள் முன்னதாகவே நினைவூட்ட வேண்டும். தவணை கடந்த வாரத்திலேயே நேரிற்சென்று பட்டியலைக் காட்டிக் கேட்க வேண்டும். முந்திய பாக்கி தீரும்வரை அடுத்த சரக்கை அந்த மண்டிக்கு அனுப்பாமலிருப்பதே குடியானவர் கையிலுள்ள பலமான ஆயுதம். பாக்கியின்மேற் பாக்கி ஏறவிடுவோரே பெரும்பாலும் பெருந்தொகையை இழக்கின்றனர்.

இரண்டாம் படி: எழுத்து மூலம் கேட்க வேண்டும். பட்டியல் எண், தேதி, தொகை, கொடுக்கவேண்டிய கடைசி நாள், அதன்பின் வட்டி கேட்கப்படும் என்ற விவரம் ஆகியவற்றை எழுதி, பட்டுவாடா அத்தாட்சி கிடைக்கும் வகையில் தபாலில் அனுப்ப வேண்டும். 1978-ம் வருஷத்து வட்டிச் சட்டப்படி, எழுத்து மூலமான பத்திரத்தில் தேதி குறிக்கப்பட்டிருந்தால் அத்தேதியிலிருந்தும், இல்லாவிட்டால் வட்டி கேட்டு எழுதிய நோட்டீசில் அதற்கெனக் குறித்த தேதியிலிருந்தும் கோர்ட்டு வட்டி விதிக்கலாம். ஆகவே இந்தக் கடிதத்துக்குத் தனி மதிப்புண்டு.

மூன்றாம் படி: காலவரம்பைக் கவனிக்க வேண்டும். 1963-ம் வருஷத்து காலவரம்புச் சட்டப்படி, விற்ற சரக்கின் கிரயத்துக்குச் சரக்கைக் கொடுத்த நாளிலிருந்தும், வாயிதா குறித்து விற்றிருந்தால் வாயிதா முடிந்த நாளிலிருந்தும் மூன்று வருஷத்துக்குள் வழக்குத் தொடர வேண்டும். அந்தக் காலத்துக்குள் கடனாளி பாக்கியை ஒப்புக்கொண்டு எழுதிக் கையொப்பமிட்டால், அந்தத் தேதியிலிருந்து புதிதாக மூன்று வருஷம் தொடங்கும். வாய்ப்பேச்சில் ஒப்புக்கொள்வது இதற்குப் போதாது. செல்பேசியில் வந்த செய்திகளை அழிக்காமல் வைத்திருப்பது நல்லதாயினும், கையொப்பமிட்ட எழுத்தை வாங்கி வைப்பதே பத்திரமானது.

நான்காம் படி: செக்கு கொடுக்கப்பட்டிருந்தால் அதன் தேதியிலிருந்து மூன்று மாதத்துக்குள் பாங்கில் போட வேண்டும். பணமின்றித் திரும்பினால், திரும்பிய தகவல் கிடைத்த 30 நாளுக்குள் எழுத்து மூலம் நோட்டீசு கொடுக்க வேண்டும். நோட்டீசு கிடைத்த 15 நாளுக்குள் பணம் வராவிட்டால், அதன்பின் ஒரு மாதத்துக்குள் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் புகார் செய்யலாம். 1881-ம் வருஷத்து மாற்றுமுறை ஆவணச் சட்டத்தில் 1988-ல் சேர்க்கப்பட்டு 1989 ஏப்ரல் முதல் அமலுக்கு வந்த 138-வது பிரிவு இதற்கு ஆதாரம். இந்த நாட்கணக்குகளில் ஒன்று தவறினாலும் பரிகாரம் பெறுவது கடினமாகும்.

ஐந்தாம் படி: வழக்குச் செலவுக்கு அஞ்சுவோர் ஜில்லா சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் மனுச்செய்து, வழக்குக்கு முன்னரே லோக் அதாலத்தில் சமரசம் செய்துகொள்ளலாம். இதற்குக் கோர்ட்டுக் கட்டணம் இல்லை. அங்கே ஏற்படும் தீர்வு கோர்ட்டு டிக்ரிக்குச் சமமானது.

இங்கே ஒரு எச்சரிக்கை அவசியம். வியாபாரி அன்றைக்கே, அல்லது அதிகபட்சம் மூன்று வேலை நாட்களுக்குள் பணம் கொடுக்க வேண்டுமென்று 2020-ல் ஒரு மத்தியச் சட்டம் ஏற்பட்டது. அச்சட்டம் 2021-ல் ரத்துச் செய்யப்பட்டுவிட்டது. இன்னும் அது அமலில் இருப்பதாக எண்ணி எவரும் ஏமாறலாகாது.

6. ஒழுங்குமுறை விற்பனைக்கூடம்

இத்தொல்லைகளைக் குறைப்பதற்காகவே சென்னை மாகாணத்தில் 1933-ம் வருஷத்தில் வாணிபப் பயிர் மார்க்கெட்டுச் சட்டம் இயற்றப்பட்டு, 1936-ல் திருப்பூரில் பருத்திக்கு முதல் விற்பனைக்கூடம் ஏற்பட்டது. பிற்காலத்தில் 1959-ம் வருஷத்துச் சட்டமும், அதன்பின் 1987-ம் வருஷத்துச் சட்டமும் வந்தன. திண்டுக்கல், பழனி, ஒட்டன்சத்திரம் முதலிய இடங்களில் ஒழுங்குமுறை விற்பனைக்கூடங்கள் இருக்கின்றன. அங்கே விற்போரிடம் கமிஷன் வாங்கப்படுவதில்லை. மார்க்கெட்டுக் கட்டணம் வாங்குவோரையே சேரும். எடை சரியாக நிற்கும். விலை ஏலத்தில் அல்லது மறைமுக ஒப்பந்தப் புள்ளியில் தீரும். 2016 ஏப்ரலில் தொடங்கிய மின்னணுத் தேசியச் சந்தைத் திட்டத்திலும் தமிழ்நாட்டின் பல விற்பனைக்கூடங்கள் சேர்ந்திருக்கின்றன. அவ்வழியில் கிரயம் நேரே பாங்குக் கணக்குக்கு வரும்.

நிலக்கடலை, மக்காச்சோளம், பருத்தி முதலிய இருப்பு வைக்கக்கூடிய சரக்குகளை விலை இறங்கியிருக்கும்போது அங்குள்ள கிடங்கில் வைத்து, அதன் மதிப்பில் ஒரு பங்கைப் பொருளீட்டுக் கடனாகப் பெறலாம். இதனால் அவசரத்துக்கு முன்பணம் வாங்கி மண்டிக்குக் கட்டுப்படும் நிலை ஏற்படாது. கெட்டுப்போகக்கூடிய காய்கறிகளைச் சிறிய அளவில் விற்போருக்கு, 1999 நவம்பரில் மதுரையில் முதன்முதலாகத் திறக்கப்பட்ட உழவர் சந்தை முறை உகந்தது. அங்கே வாயிதாவுக்கே இடமில்லை.

7. சரக்கைப் பக்குவப்படுத்தி விற்போர்

செக்கு எண்ணெய், தென்னை நார், அரைத்த மசாலை முதலியவற்றைச் செய்து கடைகளுக்கும் கம்பெனிகளுக்கும் விற்கும் குடியானவர்களும் உற்பத்தியாளர் குழுக்களும் இருக்கின்றனர். இவர்கள் குறு, சிறு தொழிலாக உத்யம் பதிவு செய்துகொள்ளலாம், பதிவு இலவசம். பதிவு பெற்றவருக்கு 2006-ம் வருஷத்துக் குறு, சிறு, நடுத்தரத் தொழில்கள் சட்டம் நல்ல பாதுகாப்பளிக்கிறது. எழுத்து மூலம் தவணை பேசியிருந்தாலும் வாங்கியவர் 45 நாளுக்கு மேல் தவணை எடுக்கலாகாது. பேச்சு ஏதுமில்லாவிட்டால் சரக்கை ஏற்ற 15 நாளுக்குள் கொடுக்க வேண்டும். தவறினால் ரிசர்வ் பாங்கு விகிதத்தைப்போல் மும்மடங்கு வட்டி, மாதாமாதம் கூட்டு வட்டியாக ஏறும். தகராறை வசதியாக்கக் கவுன்சிலுக்கு எழுதலாம். சரக்கில் குறையென்று வாங்கியவர் சொல்லவேண்டுமானால், அதையும் 15 நாளுக்குள் எழுத்தில் தெரிவிக்க வேண்டும்.

இந்தச் சட்டம் விளைந்த பொருளை அப்படியே விற்கும் குடியானவருக்கு ஏற்பட்டதன்று. இதன் பலன் பெறுவதற்கும் தேதியிட்ட பட்டியலும், சரக்கு ஒப்படைத்த கையொப்பமுமே அடிப்படையாகும்.

8. கிராம உத்தியோகஸ்தர்கள் செய்யக்கூடிய உதவி

இன்ன சர்வே எண்ணில் இன்ன பயிர் இன்னாரால் செய்யப்பட்டது என்பதற்கு அடங்கல் பதிவே முக்கிய ஆதாரம். கிராம நிர்வாக அலுவலர்கள் அதைப் பட்டந்தோறும் நேரிற் பார்த்துச் சரியாகப் பதிந்தால், குத்தகைக்குப் பயிரிடுவோருக்கும் தம் சரக்கைத் தமதென்று காட்ட வழியுண்டாகும். ஊராட்சித் தலைவர்கள் கிராமசபைக் கூட்டத்தில் அனுப்பீட்டுச் சீட்டு மாதிரியையும் பட்டியல் மாதிரியையும் படித்துக்காட்டலாம். எழுதப் படிக்கத் தெரியாதவருடைய சீட்டுகளை ஊரிற் படித்த இளைஞர்கள் எழுதிக்கொடுக்கலாம். ஒரே மண்டிக்குச் சரக்கு அனுப்பும் குடியானவர்கள் பத்துப்பேர் சேர்ந்து, ஒரே மாதிரியான பட்டியலையும் ஒரே தவணையையும் கேட்டால், தனியொருவர் கேட்டு மறுக்கப்பட்டது எளிதிற் கிடைக்கும். நாணயமாக நடக்கும் மண்டிக்காரர்களுக்கும் இதனால் அநுகூலமே. கணக்குத் தெளிவாக இருக்குமிடத்தில் சரக்கு தவறாமல் வந்துசேரும்.

வருகிற பட்டத்துக்குச் சரக்கு அனுப்பும் முன்பே ஒவ்வொரு குடியானவரும் ஒரு நோட்டுப் புத்தகமும், சீட்டுகளைக் கோத்து வைக்க ஒரு கம்பியும் வாங்கி வைத்துக்கொள்வாராக. விற்பனைக்கூட விதிகள், கட்டணம், பொருளீட்டுக் கடன் முதலிய விவரங்களைத் திண்டுக்கல் விற்பனைக் குழு அலுவலகத்திலும், அந்தந்த வட்டார வேளாண் விற்பனை உத்தியோகஸ்தரிடமும் கேட்டுத் தெரிந்துகொள்ளலாம்.